கூகுள் வீடியோ மூடப்பட்டபோது: ஒரு நிகழ்வு ஆய்வு

2011 ஏப்ரல் 15 அன்று, கூகுள் வீடியோ தளத்தில் படம் ஏற்றி வைத்திருந்தவர்களுக்கு ஒரு மின்னஞ்சல் போனது. ஏப்ரல் 29-க்குப் பிறகு அங்கே இருக்கும் எந்த வீடியோவும் ஓடாது என்றது அது. ஏற்றியவர்கள் மே 13 வரை தங்கள் கோப்பைத் தரவிறக்கி வைத்துக்கொள்ளலாம். அப்புறம் ஒன்றும் கிடைக்காது. உலகத்தின் பல மூலைகளிலிருந்து ஆண்டுக்கணக்கில் வந்து சேர்ந்த படங்களுக்குக் கிடைத்த கெடு, பார்ப்பதற்கு இரண்டு வாரம், எடுத்துக்கொள்ள நான்கு வாரம்.

ஒரே வாரத்தில் கூகுள் அந்தக் கெடுவைத் திரும்பப் பெற்றது. எந்த வீடியோவும் அழியாது, எல்லாம் யூடியூபுக்குப் போய்ச் சேரும் என்று உறுதி கொடுத்தது. அதனால் இணைய வரலாற்றில் இதை நல்லபடியாக முடிந்த கதையாகச் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. கோப்புகள் பிழைத்தன, சரி. ஆனால் அவற்றில் பல இன்று யார் கண்ணிலும் படாத இடத்தில் இருக்கின்றன. ஒரு வீடியோ நாளைக்கும் பார்க்கக் கிடைக்க வேண்டும் என்றால் கோப்பு இருக்க வேண்டும், அதைத் திறக்க மென்பொருள் இருக்க வேண்டும், திறப்பதற்கு இன்னொருவரின் அனுமதிக்காகக் காத்திருக்கும் நிலை இருக்கக் கூடாது. கூகுள் வீடியோவின் ஏழரை ஆண்டு வாழ்க்கையில் இந்த மூன்றுமே வெவ்வேறு சமயங்களில் முறிந்தன. மூன்றாவது முறிந்ததுதான் சத்தமே இல்லாமல் நடந்தது, இன்றுவரை சரியாகவும் இல்லை.

எப்படிப்பட்ட தளம் அது

2005 ஜனவரியில் தொடங்கியபோது கூகுள் வீடியோவில் வீடியோ ஓடாது. அமெரிக்கத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் காது கேளாதவர்களுக்காகத் திரையின் அடியில் ஓடும் எழுத்துகளைச் சேர்த்து வைத்து, அதில் தேடித் தரும் வசதியாகத்தான் அது வந்தது. பிபிஎஸ், சி-ஸ்பான், ஃபாக்ஸ் நியூஸ் போன்ற அலைவரிசைகளின் நிகழ்ச்சிகளில் நீங்கள் தேடிய சொல் எங்கே பேசப்பட்டது என்று காட்டும். கூடவே சில நிலைப்படங்கள். அவ்வளவுதான்.

அந்த ஆண்டு ஏப்ரலில் பொதுமக்களும் தங்கள் வீடியோக்களை ஏற்றலாம் என்றார்கள். யூடியூபின் முதல் வீடியோ ஏறியதும் அதே மாதத்தில்தான். ஜூனில், ஏற்றிய படங்களை உலாவியிலேயே பார்ப்பதற்கு ஒரு செருகுநிரல் வந்தது. அது விஎல்சி மீது கட்டப்பட்டது. பாரிஸின் எகோல் சென்ட்ரல் கல்லூரி மாணவர்கள் 1996-இல் தொடங்கிய வீடியோ பிளேயர் திட்டம்தான் விஎல்சி. திறந்த மூல உரிமத்தில் இருந்ததால் கூகுள் தான் செய்த மாற்றங்களையும் வெளியிட்டது. கூகுள் சர்வரில் இருக்கும் வீடியோக்களை மட்டுமே ஓட்டும்படி அதில் ஒரு தடை இருந்தது. நார்வே நிரலாளர் யோன் லெக் யோஹன்சன் ஒரே நாளில் அந்தத் தடையை நீக்கும் ஒட்டு நிரலை வெளியிட்டார். டிவிடி பூட்டை உடைத்ததால் உலகம் அறிந்த அதே ஆள்தான். சிறிய விஷயமாகத் தெரியலாம். ஆனால் படத்தை ஓட்டுவதற்கான திறமை முழுவதும் பொதுச் சொத்தாக இருந்த இடத்தில், நிறுவனம் போட்ட பூட்டு மட்டும் தனியாக மேலே உட்கார்ந்திருந்தது என்பதை அது முதல் நாளே காட்டிவிட்டது. பின்னால் நடந்தவற்றைப் புரிந்துகொள்ள இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

சில மாதங்களில் அந்தச் செருகுநிரலைக் கைவிட்டு, உலாவியில் படமும் அசைவும் ஓட்டிய ஃபிளாஷ் பிளேயருக்கு மாறினார்கள். அப்போது உலகத்தில் ஏறக்குறைய எல்லாக் கணினியிலும் ஃபிளாஷ் இருந்தது.

யூடியூப் வேகமாக வளர்ந்தது. 2006 அக்டோபரில் 165 கோடி டாலர் மதிப்புள்ள பங்குகளுக்கு அதை கூகுளே வாங்கியது. அதற்குப் பிறகு ஒரே வீட்டில் இரண்டு வீடியோ தளங்கள் எதற்கு என்ற கேள்வி தானாக வந்துவிட்டது. இருந்தாலும் கூகுள் வீடியோவுக்கு என்று தனியாக ஒரு கூட்டம் இருந்தது. காரணம், படத்தின் நீளம். 2006 மார்ச்சில் யூடியூப் ஒரு வீடியோ 10 நிமிடத்துக்கு மேல் போகக் கூடாது என்று கட்டுப்படுத்தியது. நீளமான வீடியோக்களில் பெரும்பாலானவை தொலைக்காட்சி நிகழ்ச்சிகளையும் திரைப்படங்களையும் அனுமதியில்லாமல் ஏற்றியவையாக இருந்ததுதான் அதற்குச் சொன்ன காரணம். கூகுள் வீடியோவில் அந்தத் தடை இல்லை. ஒரு மணி நேர விரிவுரை, ஒன்றரை மணி நேர ஆவணப்படம், கருத்தரங்கின் முழுப் பதிவு இவையெல்லாம் அங்கேதான் போயின. பெர்க்லியில் உள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகம் 2006 செப்டம்பரில் தன் வகுப்புப் பாடங்களை அங்கே வைத்தது. கூகுள் தன் அலுவலகத்தில் நடத்திய தொழில்நுட்ப உரைகளும் அங்கே இருந்தன. யூடியூபின் எல்லை 15 நிமிடமானது 2010 ஜூலையில். விதிமீறல் இல்லாத கணக்குகளுக்கு முழு நீளம் திறந்தது அந்த ஆண்டு டிசம்பரில்தான். ஆக, 2009 மே மாதம் புதிய ஏற்றங்கள் நிற்கும் வரை, மூன்று ஆண்டுகளுக்கு மேல் நீளமான, நிதானமான படங்களுக்கு கூகுள் வீடியோ ஒரு முக்கியமான புகலிடம். மூடப்பட்டபோது ஆபத்தில் இருந்தது பெரும்பாலும் இந்த வகைப் படங்கள் என்பதால்தான் இந்த நிகழ்வு எனக்கு முக்கியமாகப் படுகிறது.

2007: வாங்கியவர்களுக்கு நடந்தது

மூடல் 2011-இல் தொடங்கவில்லை. முதல் அடி நான்கு ஆண்டுகள் முன்பே விழுந்தது.

2006 ஜனவரியில் லாஸ் வேகஸ் மின்னணுப் பொருட்காட்சியில் லாரி பேஜ் கூகுள் வீடியோ கடையை அறிவித்தார். சிபிஎஸ் தொடர்களின் ஓர் அத்தியாயம் 1.99 டாலர். என்பிஏ கூடைப்பந்து ஆட்டம் ஒன்று 3.95 டாலர். வாடகைக்கும் எடுக்கலாம், சொந்தமாகவும் வாங்கலாம். அப்படி வாங்கியவற்றில் பூட்டுப் போட்ட கோப்புகளை கூகுள் தந்த பிளேயரில்தான் பார்க்க வேண்டும். ஒவ்வொரு முறையும் அந்த பிளேயர் இணையம் வழியாக கூகுள் சர்வரிடம் அனுமதி கேட்கும்.

2007 ஆகஸ்டில் கடையை மூடினார்கள். ஆகஸ்ட் 15-க்குப் பிறகு வாங்கிய வீடியோக்கள் ஓடாது என்று வாடிக்கையாளர்களுக்கு எழுதினார்கள். சொந்தமாக என்று சொல்லி விற்றவையும் இதில் அடக்கம். பணத்துக்குப் பதிலாக, கூகுளின் பணம் செலுத்தும் சேவையான கூகுள் செக்கவுட்டில் செலவழிக்கும்படி ஒரு தொகையைக் கொடுத்தார்கள். எதிர்ப்பு கிளம்பியது. சில நாட்களில் கூகுள் இறங்கி வந்தது. முழுப் பணமும் கடன் அட்டைக்கே திரும்பும், செக்கவுட் தொகையையும் வைத்துக்கொள்ளலாம், வீடியோக்களை இன்னும் ஆறு மாதம் பார்க்கலாம் என்றார்கள்.

பணம் திரும்பியது நியாயம்தான். எனினும் கோப்பின் பக்கம் நின்று பாருங்கள். அது வாங்கியவரின் வன்தட்டில் முழுதாக இருக்கிறது. ஒரு பிட் கூடக் கெடவில்லை. அவரிடம் இருப்பது பூட்டிய பிரதி. சாவியைத் தரும் சர்வர் நின்றுவிட்டால் அந்த வீட்டில் எத்தனை நகல் எடுத்து வைத்திருந்தாலும் பயனில்லை. பாதுகாப்பு என்றால் நகல் எடுப்பது என்று நினைத்தவர்களுக்கு இந்த இடத்தில் கணக்கு உதைத்தது. அந்தக் கூகுள் பிளேயரும் அதே ஆகஸ்டில் நிறுத்தப்பட்டது.

ஜிவிபி, ஜிவிஐ: பழைய வன்தட்டில் எது இருக்கிறது

பழைய வன்தட்டுகளையும் சிடிக்களையும் இன்று திறப்பவர்களுக்கு இந்தக் காலத்து எச்சங்கள் கிடைக்கின்றன. பெயர்கள் ஒன்று போலவே இருப்பதால் குழப்பம் வரும். இரண்டுக்கும் இடையே இருப்பது மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

ஜிவிபி என்று முடியும் கோப்பு வீடியோவே இல்லை. அது ஒரு சின்ன எழுத்துக் கோப்பு. நோட்பேடில் திறந்தால் உள்ளே வீடியோவின் இணைய முகவரி, அடையாள எண், தலைப்பு, நீளம், சிறு விளக்கம் இருக்கும். கல்யாணப் பத்திரிகையில் மண்டபத்தின் விலாசம் இருப்பது போலத்தான். பத்திரிகையை எவ்வளவு பத்திரமாக வைத்திருந்தாலும் கல்யாணம் அதற்குள் இல்லை. கூகுள் பிளேயர் இந்தக் கோப்பைப் படித்து, சர்வரிலிருந்து உண்மையான படத்தை இழுத்துக் காட்டும். சில கிலோபைட் அளவில் ஒரு வீடியோக் கோப்பு இருந்தால் முதலில் இதைத்தான் சந்தேகிக்க வேண்டும்.

ஜிவிஐ கோப்பு அப்படியில்லை. உண்மையான படம் அதில் இருக்கிறது. அடிப்படையில் அது ஏவிஐ எனும் பழைய வீடியோ வடிவம். தலைப்பகுதி முடிந்த உடனே ‘கூக்’ (goog) என்ற நான்கெழுத்து அடையாளத்தோடு ஒரு கூடுதல் பட்டியலை நுழைத்திருப்பார்கள். உள்ளே இருப்பது எம்பெக்-4 படமும் எம்பி3 ஒலியும். இரண்டுமே உலகத்துக்குத் தெரிந்த வடிவங்கள். பூட்டுப் போட்டு விற்ற கடைக் கோப்புகளை விட்டுவிட்டால், பெரும்பாலான ஜிவிஐ கோப்புகள் விஎல்சியில் திறந்துவிடும். மற்ற பிளேயர்கள் முரண்டு பிடித்தால் கோப்பின் பின்னொட்டை ஏவிஐ என்று மாற்றிப் பார்க்கலாம். அதற்கும் மசியாத பிளேயருக்காக அந்தக் கூடுதல் பட்டியலை, கோப்பின் பைட்டுகளை நேரடியாகத் திருத்தும் ஹெக்ஸ் எடிட்டரில் நீக்கியவர்கள் உண்டு. எஃப்எஃப்எம்பெக் என்ற வீடியோ மாற்றும் நிரல் தெரிந்தவர்களுக்கு இன்னும் சுலபம். படத்தையும் ஒலியையும் தொடாமல், வெளிக் கூட்டை மட்டும் மாற்றி எழுதச் சொல்லலாம். ரீமக்ஸ் என்பார்கள். மறுபடி சுருக்கி எழுதுவதில்லை (என்கோட் செய்வதில்லை) என்பதால் தரம் இம்மியும் குறையாது. இந்த வேலைக்குச் சில நொடிகள்தான் ஆகும்.

பாதியில் அறுந்த தரவிறக்கங்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். அந்தக் காலத்தில் இணைப்பு அடிக்கடி துண்டாகும், பாதிக் கோப்புகள் எல்லாரிடமும் உண்டு. ஏவிஐ கோப்பில் படத்தைப் பற்றிய முக்கியத் தகவல் முன்னால் இருக்கும். எந்தக் காட்சி எந்த இடத்தில் என்று சொல்லும் அட்டவணை மட்டும் கடைசியில் இருக்கும். அறுந்த கோப்பில் அட்டவணை போயிருக்கும், ஆனால் வந்த வரைக்கும் படம் ஓடும். முன்னும் பின்னும் தாவுவதுதான் சிரமம். விஎல்சி அட்டவணையைத் திரும்பக் கட்டித் தரட்டுமா என்று கேட்கும், சரி என்று சொன்னால் போதும். எஃப்எல்வி எனும் ஃபிளாஷ் வீடியோவும் துண்டு துண்டாக, வரிசையாக எழுதப்பட்டது என்பதால் அறுந்தாலும் அறுந்த இடம் வரை பார்க்கலாம். எம்பி4 விஷயத்தில் கவனம் தேவை. அதில் படத்தின் அமைப்பைச் சொல்லும் ‘மூவ்’ (moov) என்ற பகுதி இல்லாமல் பிளேயரால் ஒரு பிரேமைக் கூடக் காட்ட முடியாது. பல எம்பி4 கோப்புகளில் அந்தப் பகுதி கடைசியில் இருக்கும். 95 விழுக்காடு இறங்கிய கோப்பும் அப்போது வெறும் எண் குவியல். அதே கேமராவில் அதே அமைப்பில் எடுத்த இன்னொரு முழுக் கோப்பு இருந்தால், அதை மாதிரியாக வைத்து மீட்கும் கருவிகள் உண்டு. அதனால் ஓடாத கோப்பை எக்காரணம் கொண்டும் அழித்துவிடாதீர்கள்.

ஏப்ரல் 15 முதல் 22 வரை

மறுபடி 2011-க்கு வருவோம். கூகுள் வீடியோ புதிய ஏற்றங்களை 2009 மே மாதமே நிறுத்திவிட்டது. ஏற்கெனவே இருந்தவை மட்டும் ஓடிக்கொண்டிருந்தன. இப்போது அவற்றுக்கும் கெடு. யூடியூபில் மறுபடி ஏற்றிக்கொள்ளுங்கள் என்று மின்னஞ்சல் அறிவுரை சொன்னது. ஒவ்வொன்றாகத் தரவிறக்கி, ஒவ்வொன்றாக ஏற்ற வேண்டும். யூடியூபில் முழு நீள அனுமதி வாங்காத கணக்காக இருந்தால் ஒன்றரை மணி நேரப் படத்தை 15 நிமிடத் துண்டுகளாக வெட்ட வேண்டும். அதைவிடப் பெரிய சிக்கல், அந்த மின்னஞ்சல் யாருக்குப் போனது என்பது. தரவிறக்கும் பொத்தான் ஏற்றியவருக்கு மட்டும்தான். 2006-இல் ஒரு படத்தை ஏற்றிவிட்டு அந்த முகவரியைக் கைவிட்டவர், வேலை மாறியவர், இறந்துபோனவர் இவர்களின் படங்களைக் காப்பாற்றச் சட்டப்படி யாரும் இல்லை.

இந்த இடத்தில்தான் ஆர்க்கைவ் டீம் வந்தது. இது ஒரு தன்னார்வலர் கூட்டம். ஜேசன் ஸ்காட்டும் சிலரும் 2009-இல் தொடங்கினார்கள். அந்த ஆண்டு அக்டோபரில் யாஹூ மூடிய, பலரும் தங்கள் இணையப் பக்கங்களை வைத்திருந்த ஜியோசிட்டீஸ் தளத்தின் பக்கங்களை முடிந்தவரை நகலெடுத்து வைத்தவர்கள் இவர்கள். சான் ஃபிரான்சிஸ்கோவில் புரூஸ்டர் கேல் 1996-இல் நிறுவிய இணையக் காப்பகமான இன்டர்நெட் ஆர்க்கைவ் வேறு, இவர்கள் வேறு. ஆனால் இவர்கள் அள்ளியவை பெரும்பாலும் கடைசியில் அங்கேதான் போய்ச் சேரும்.

வேலை எவ்வளவு பெரியது என்று புரிவதற்கு ஒரு சின்னக் கணக்கு. ஃபிளாஷ் வீடியோ ஒன்று நொடிக்கு 250 கிலோபிட் என்று வைத்துக்கொள்வோம். ஒரு மணி நேரப் படம் சுமார் 112 மெகாபைட் வரும். அப்படி ஒரு லட்சம் படங்கள் என்றால் 11 டெராபைட்டுக்கு மேல். 10 எம்பிபிஎஸ் இணைப்பு ஒன்றை ஒரு நொடியும் நிறுத்தாமல் ஓட்டினால் அதை இறக்க 104 நாள் ஆகும். கையில் இருந்தது 14 நாள். அதனால் இதைத் தனி ஆளாகச் செய்ய வழியே இல்லை. பலரும் தங்கள் வீட்டுக் கணினியிலும் வாடகை சர்வரிலும் ஆளுக்கொரு பங்காகப் பிரித்துக்கொண்டு இறக்குவதுதான் ஒரே வழி.

இன்னொரு தடை, பட்டியல். கூகுள் வீடியோவில் ஒவ்வொரு படத்துக்கும் 19 இலக்கம் வரை நீளும் ஓர் அடையாள எண் உண்டு. எண்கள் 1, 2, 3 என்று வரிசையாக வருவதில்லை. ஒன்றிலிருந்து எண்ணிக்கொண்டே போனால் ஆயுள் முழுக்க வெற்றிடத்தைத்தான் தட்டிக்கொண்டிருக்க வேண்டும். எந்த எண்களில் படம் இருக்கிறது என்பதைத் தேடல் முடிவுகளிலிருந்தும் மற்ற தளங்களில் இருந்த இணைப்புகளிலிருந்தும்தான் பொறுக்கி எடுக்க முடியும். யாரும் தேடாத சொல்லில் தலைப்பு வைத்த படம் இந்த வலையிலிருந்து நழுவிவிடும். ஆங்கிலமல்லாத மொழிகளில் தலைப்பு வைத்த படங்களுக்கு இது கூடுதல் ஆபத்து. தேடுபவர்களுக்குத் தெரிந்த மொழியில்தானே தேடுவார்கள்.

அவர்கள் செய்தது பதிப்புரிமைச் சட்டத்தின் முன் நிற்குமா என்று கேட்கலாம். ஏற்றியவரின் அனுமதி வாங்காமல்தான் எடுத்தார்கள், உண்மை. ஆனால் அனுமதி கேட்டு ஓர் ஆளைத் தேடிப் பிடிக்க அவர்களுக்கு நேரம் தரப்படவில்லை. முதலில் எடுத்து வைப்போம், உரியவர் வந்து கேட்டால் நீக்கிவிடலாம் என்ற நிலைப்பாடு எனக்குச் சரியாகவே படுகிறது. எடுத்து வைத்ததைப் பின்னால் நீக்க முடியும். எடுக்காமல் விட்டதைத் திரும்பக் கொண்டுவர முடியாது.

ஏப்ரல் 22 அன்று கூகுள் மனம் மாற்றிக்கொண்டது. 29-ஆம் தேதிக் கெடு நீங்கியது. ஒரே சொடுக்கில் யூடியூபுக்கு மாற்றும் வசதி வந்தது. பொதுவெளியில் எழுந்த கண்டனமும், தன்னார்வலர்கள் எல்லார் கண்முன்னும் படங்களை அள்ளிக்கொண்டிருந்த காட்சியும் அந்த முடிவில் பங்கு வகித்தன என்றே நம்புகிறேன்.

2012: தனிப்பட்டவை என்ற அலமாரி

அதற்குப் பிறகு பேச்சு அடங்கிவிட்டது. 2012 ஜூலையில் கூகுள் இன்னோர் அறிவிப்பு வெளியிட்டது. ஆகஸ்ட் 20-ஆம் தேதி கூகுள் வீடியோ நிற்கும், அதற்குள் யாரும் தொடாத படங்கள் தானாகவே யூடியூபுக்கு மாறும், மாறும்போது அவை தனிப்பட்ட வீடியோக்களாக இருக்கும். இம்முறை ஆரவாரம் ஒன்றும் இல்லை. எதுவும் அழியவில்லையே.

தனிப்பட்டது என்றால் ஏற்றியவர் உள்ளே நுழைந்து அனுமதித்தால்தான் மற்றவர் பார்க்க முடியும். நேற்றுவரை யார் வேண்டுமானாலும் பார்த்த படம் அது. இன்று அதற்கு ஒரே ஒரு பார்வையாளர், அவரும் பெரும்பாலும் கணக்கையே மறந்தவர். வேறு தளத்தில், வேறு விதிமுறையில் ஒருவரின் படத்தை அவர் சார்பாக நாமே பொதுவில் வைக்கக் கூடாது என்ற எச்சரிக்கையை நான் மதிக்கிறேன். குடும்பப் படங்களும் அங்கே இருந்திருக்கும். ஆனால் அந்தத் தளத்தில் ஏற்கெனவே பொதுவில் இருந்தவற்றைப் பொதுவிலேயே விட்டுவிட்டு, வேண்டாதவர் மறைத்துக்கொள்ள வழி செய்திருக்கலாம். எது இயல்புநிலை என்று ஒரு நிறுவனம் தேர்ந்தெடுக்கும்போது, வாய் திறக்க ஆள் இல்லாத படங்களின் தலைவிதி அங்கேயே தீர்மானமாகிவிடுகிறது. கட்டுரைகளிலும் பாடக் குறிப்புகளிலும் ‘இந்த உரையைப் பாருங்கள்’ என்று கொடுத்திருந்த இணைப்புகள், இப்படி மறைக்கப்பட்ட படங்களுக்கு, வெளியாளுக்கு எதையும் காட்டாது. பக்கங்களில் பதித்து வைத்திருந்த கூகுள் பிளேயர் பெட்டிகளும் வெறுமையாயின.

யூடியூபிலேயே இதற்கு ஒரு பின்கதை உண்டு. 2017-க்கு முன் ஏற்றி, ‘பட்டியலிடாதது’ என்ற நிலையில் வைத்திருந்த வீடியோக்களை 2021 ஜூலையில் யூடியூப் தனிப்பட்டவையாக மாற்றியது. வேண்டாம் என்று முன்கூட்டியே சொன்னவர்களின் வீடியோக்கள் மட்டும் தப்பின. இணைப்பு கையில் இருந்தால் பார்க்கலாம் என்ற நிலையில் இருந்த எத்தனையோ வகுப்புப் பாடங்களும் நிகழ்ச்சிப் பதிவுகளும் அப்படியே இருட்டுக்குள் போயின. பாதுகாப்புக் காரணம் சொன்னார்கள். மறுபடியும் கேள்வி அதேதான்: கணக்கைக் கவனிக்க ஆள் இல்லாத படத்துக்கு யார் குரல் கொடுப்பது?

வேறு இடத்திலும் இருந்தவை

ஒப்பிட்டுப் பார்க்க இரண்டு தொகுப்புகளை எடுத்துக்கொள்கிறேன்.

2006 பிப்ரவரியில் அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகம் தன்னிடம் இருந்த 103 படங்களை கூகுள் வீடியோவில் வைத்தது. நாசாவின் விண்வெளிப் படங்களும் இரண்டாம் உலகப்போர்க் காலச் செய்திப் படங்களும் அதில் இருந்தன. கூகுளுக்கு மட்டும் என்று எழுதிக் கொடுக்கவில்லை. மூலப் படச்சுருள்கள் காப்பகத்தின் கிடங்கை விட்டு நகரவும் இல்லை. தளம் மூடியபோது அவற்றுக்கு எந்த இழப்பும் நேரவில்லை. இதில் தொழில்நுட்ப சாமர்த்தியம் ஒன்றும் கிடையாது. காட்டும் இடம் வேறு, காக்கும் இடம் வேறு என்று ஒரு காப்பகத்துக்கு இயல்பாகவே தெரியும், அவ்வளவுதான்.

பெர்க்லியின் பாடங்களுக்கு வேறு கதை. அந்தப் பல்கலைக்கழகம் 2007-இல் யூடியூபிலும் பாடங்களை வைக்கத் தொடங்கியது. அதனால் கூகுள் வீடியோ மூடியது பெரிய அடியாக இல்லை. ஆனால் காது கேளாதவர்களுக்கு ஏற்ற எழுத்து வரிகள் இல்லை என்று அமெரிக்க நீதித்துறை சுட்டிக்காட்டியதை அடுத்து, 2017 மார்ச்சில் 20,000-க்கும் மேற்பட்ட ஒலி, ஒளிப் பாடங்களைப் பல்கலைக்கழகமே பொதுப் பார்வையிலிருந்து விலக்கிக்கொண்டது. குறை நியாயமானது. காது கேளாதவர்களையும் சேர்த்துக்கொள்ளும்படி செய்திருக்க வேண்டிய ஒன்று, எல்லாருக்கும் இல்லை என்று முடிந்தது வருத்தம். அப்போதும் தன்னார்வலர்கள்தான் கெடுவுக்கு முன்னால் நகல் எடுத்தார்கள். அந்த நகல்கள் எல்பிஆர்ஒய் என்ற வலையமைப்பில் வைக்கப்பட்டன. ஒரு தளம் போனாலும் இன்னொரு தளம் இருக்கிறது என்ற தைரியம் பத்தாண்டுக்கு மேல் தாங்கவில்லை.

ஃபிளாஷ் போன பிறகு

கூகுள் வீடியோவின் பிளேயர் ஃபிளாஷில் இருந்தது என்று முன்பே சொன்னேன். அடோபி 2020 டிசம்பர் 31-உடன் ஃபிளாஷுக்கு ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் ஃபிளாஷ் பிளேயரே உள்ளடக்கத்தை ஓட்ட மறுத்தது. அதோடு பழைய ஃபிளாஷ் வீடியோக்களும் செத்துவிட்டன என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. பிளேயர்ப் பெட்டி எனும் எஸ்டபிள்யூஎஃப் கோப்புதான் நின்றது. உள்ளே ஓடிய எஃப்எல்வி படம் தனிக் கோப்பு. ஆரம்பகால எஃப்எல்வியில் இருந்தது சோரன்சன் ஸ்பார்க் என்ற வீடியோ சுருக்கு முறை. 2005-இல் வந்த ஃபிளாஷ் 8-இல் விபி6 சேர்ந்தது, 2007 கடைசியில் எச்.264 வந்தது. மூன்றையும் எஃப்எஃப்எம்பெக் இன்றைக்கும் படிக்கும், விஎல்சியும் ஓட்டும். 2000-இல் ஃபாப்ரிஸ் பெலார் தொடங்கிய எஃப்எஃப்எம்பெக் திறந்த மூலமாக இருப்பதால்தான், கைவிடப்பட்ட ஒவ்வொரு வடிவத்தையும் யாரோ ஒருவர் அதில் எழுதி வைத்திருக்கிறார். வீடியோ பாதுகாப்பில் வேலை செய்கிற எல்லாரும் இந்த நிரலுக்குக் கடன்பட்டவர்கள்.

ஆகவே ஓடாத கோப்பு என்று ஒருவர் கொண்டு வந்தால் முதலில் கேட்க வேண்டியது வடிவத்தைப் பற்றி இல்லை. கோப்பு அவர் கையில் முழுதாக இருக்கிறதா, அதில் பூட்டு இருக்கிறதா என்பதுதான். முழுதாக, பூட்டில்லாமல் இருந்தால் ஏறக்குறைய எதையும் ஓட்டிவிடலாம். ரியல் மீடியா, 3ஜிபி, விசிடியின் டேட் (.dat) கோப்பு போன்ற பழைய வடிவம் எதுவானாலும் சரி.

பத்திரப்படுத்துகிறேன் என்று நினைத்து எல்லாவற்றையும் எம்பி4-ஆக மாற்றிவிட்டு மூலத்தை அழிப்பவர்களைப் பார்த்தால் எனக்குப் பதறுகிறது. கூகுள் வீடியோவில் இருந்து வந்த கோப்பு ஏற்கெனவே ஒருமுறை சுருக்கப்பட்டது. அதை மறுபடி சுருக்கினால் இழந்தது இழந்ததுதான். பார்ப்பதற்கு எம்பி4 நகல் ஒன்று செய்துகொள்ளுங்கள். மூலத்தை வந்தபடியே விடுங்கள். ஒவ்வொரு மூலக் கோப்புக்கும், அதன் கைரேகை போன்ற எஸ்எச்ஏ-256 எண் ஒன்றைக் கணக்கிட்டு எழுதி வைத்தால், சில ஆண்டுகள் கழித்து வன்தட்டில் கோப்பு கெட்டிருக்கிறதா என்று நொடியில் தெரிந்துவிடும். கூடவே தலைப்பு, ஏற்றிய தேதி, விளக்கம், எந்த முகவரியில் இருந்தது என்ற விவரங்களை ஓர் எழுத்துக் கோப்பில் வையுங்கள். விவரம் இல்லாத வீடியோவை இருபது வருடம் கழித்துப் பார்ப்பவருக்குத் திரையில் பேசுவது யார் என்றே தெரியாது.

2012-க்கு முன் கூகுள் வீடியோவில் எதையாவது ஏற்றியவர்கள், அந்தப் பழைய கூகுள் கணக்கில் நுழைந்து யூடியூப் ஸ்டூடியோவைத் திறந்து, தனிப்பட்டவை என்ற வடிகட்டியைப் போட்டுப் பாருங்கள். படம் அங்கே இருக்க வாய்ப்பு உண்டு. இரண்டு ஆண்டு பயன்படுத்தாத கணக்குகளை நீக்கப்போவதாக 2023 மே மாதம் கூகுள் அறிவித்தபோது, யூடியூப் வீடியோ உள்ள கணக்குகளை இப்போதைக்கு நீக்கும் எண்ணம் இல்லை என்றது. ‘இப்போதைக்கு’ என்ற சொல்லை நம்பிக் காத்திருக்க வேண்டாம். கடவுச்சொல் மறந்திருந்தால் மீட்கும் வேலையை இந்த வாரமே தொடங்குங்கள். கையில் ஜிவிபி கோப்பு மட்டும் இருக்கிறவர்கள் அதையும் எறிய வேண்டாம். நோட்பேடில் திறந்து தலைப்பையும் அடையாள எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். இன்டர்நெட் ஆர்க்கைவில் ஆர்க்கைவ் டீம் கொண்டு சேர்த்த கூகுள் வீடியோ தொகுப்பு இருக்கிறது. முதலில் எண்ணை வைத்துத் தேடுங்கள், கிடைக்காவிட்டால் தலைப்பை வைத்து, அதிலும் கிடைக்காவிட்டால் பழைய முகவரியை, இணையப் பக்கங்களின் பழைய நகல்களைக் காட்டும் வேபேக் மெஷினில் இட்டுப் பாருங்கள்.